நாய்க்குட்டிக்குச் சொன்ன சொல்

இன்று காலை பக்கத்து வீட்டு ஆசிரியர் என் இரண்டு வயது மகனைப் பார்த்து, "பையன் ஹவுஸ்-டிரெயின்ட் ஆயிட்டானா?" என்று சிரித்தார். கழிவறைக்குப் போகப் பழகிவிட்டானா என்றுதான் கேட்டார். குழந்தைக்கும் சொல்வார்கள், வேடிக்கையாகக் கணவனுக்கும் சொல்வார்கள். தெரிந்தும் எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

வெள்ளைக்காரன் ஆண்டபோது அம்மா கிளேபாங் கடலோர பங்களா ஒன்றில் வேலை செய்தாள். பள்ளி விடுமுறையில் நானும் கூடப் போவேன். காஜா பெராங்கில் எங்கள் வீட்டில் செய்வதுபோல அங்கேயும் செருப்பைப் பின்வாசலில் விட்டுத்தான் நுழைவாள். ஒருநாள் விருந்தாளிகள் மணல் ஒட்டிய சப்பாத்துகளோடு, அவள் அப்போதுதான் துடைத்த தரையில் நடந்து வந்தார்கள். அம்மாவின் வெறுங்காலைக் காட்டி, "இவள் ஹவுஸ்-டிரெயின்ட்" என்றாள் துரைசாணி. வீட்டுக்குள் அசுத்தம் செய்யாத தன் நாய்க்குட்டியையும் காலையில் அப்படித்தான் சொல்லியிருந்தாள். எல்லாரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தாள்.

சமையலறையில் கேட்டாள். "என்னடி சொன்னாங்க? நல்லதாத்தானே?"

"நாய்க்குட்டியப் பழக்குன மாதிரி உன்னையும் பழக்கிட்டாங்களாம், அம்மா."

"செருப்பக் கழட்ட இவங்களா எனக்குச் சொல்லிக் குடுத்தாங்க? இவங்க கப்பல் ஏறுறதுக்கு முன்னாலயே நாங்க கழட்டிட்டுத்தான்டி நொழைவோம்!"

செருப்பை மாட்டிக்கொண்டு, விருந்தாளிகள் நடுவே கூடத்தைக் கடந்து, முன்வாசல் வழியாக இறங்கினாள். நான் பின்னால் ஓடினேன். அந்த வேலை அதோடு போயிற்று.

"அந்தச் சொல்ல என் பிள்ளைக்குச் சொல்லாதீங்க, சார்" என்று இன்று காலை சொன்னேன். ஆசிரியர் முகம் வாடியது. நாடு நம் கைக்கு வந்தும் அந்தச் சொல் நம் வாயிலிருந்து போகவில்லையே! அதிகம் பேசிவிட்டேனோ என்று மாலைவரை மனம் அரித்தது. ஆனாலும் மன்னிப்புக் கேட்கப் போகவில்லை.