அண்ணன் போன பிறகும் நடந்த கேஸ்

எனக்கு எதை எடுத்தாலும் பயம்தான். மழை பெய்தால் கூரையை நினைத்துப் பயம், பெய்யாவிட்டால் கேழ்வரகை நினைத்துப் பயம். ஏழாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன், அதனால் சீல் குத்தின காகிதம் எது வந்தாலும் தொடப் பயம். ஆனால் அண்ணன் இறந்த அந்த வாரம் பயந்த மாதிரி நான் எப்போதும் பயந்ததில்லை.

அண்ணன் கருவாட்டு வியாபாரி. ஜீப்பில் தொற்றிக்கொண்டு வெள்ளிமலைக்கு ஏறிப் போய் விற்றுவிட்டு, சாமையும் கடுக்காயும் வாங்கி வருவார். ஒரு நாள் மலைப்பாதை வளைவில், மரம் ஏற்றி வந்த லாரி ஜீப்பை இடித்துவிட்டது. மற்றவர்களுக்குச் சிராய்ப்பு, அண்ணனுக்குத் தொடை எலும்பு. ஆஸ்பத்திரியில் கம்பி வைத்தார்கள். எலும்பு கூடிற்று, புண் மட்டும் ஆறவில்லை. ஒரு வருஷத்துக்கு மேல் சீழ் வைத்துக்கொண்டே இருந்தது. கள்ளக்குறிச்சியில் ஒரு வக்கீலைப் பிடித்து நஷ்டஈட்டுக்குக் கேஸ் போட்டோம். வைத்தியத்துக்காக இருந்த ஒரு காணி நிலத்தை அண்ணி அடமானம் வைத்திருந்தார். கேஸ் ஜெயித்தால் காணி திரும்பும். தோற்றால் அண்ணியும் ரெண்டு பெண் பிள்ளைகளும் அடுத்தவர் கொல்லையில் களை வெட்டத்தான் போகவேண்டும்.

அண்ணன் கோர்ட்டில் சாட்சி சொல்ல வேண்டிய வாய்தா நெருங்கும்போது குளிர் காய்ச்சல் கண்டது. அதே ஆஸ்பத்திரியில் இறந்துபோனார். ஆண் பிள்ளை இல்லை, கொள்ளி நான்தான் வைத்தேன். தலையையும் மீசையையும் மழித்து விட்டார்கள்.

கருமாதிக்கு முன்பே வாய்தா வந்துவிட்டது. எங்கள் அம்மாவின் தம்பி, மாமா, என்னைக் கொல்லைப் பக்கம் கூட்டிப் போனார்.

"அடிபட்டவனே பூட்டான், இனிமே அடிக்கு எவன் காசு குடுப்பான்? ஆளு செத்தா கேஸும் செத்துச்சு. வக்கீலுக்கு மூச்சு வுடாத. அண்ணனுக்குக் காய்ச்சல், எழுந்திரிக்க முடியலன்னு சொல்லி வாய்தா வாங்கிக்கினே இரு."

"எவ்ளோ நாளைக்கு மாமா?"

"காசு வர்ற வரைக்கும்."

"மொட்டையப் பாத்து இன்னான்னு கேட்டா?"

"திருப்பதின்னு சொல்லு. அண்ணன் காலுக்கு வேண்டுதல்."

அதோடு விடவில்லை. அண்ணன் கக்கத்தில் வைத்து ஊன்றிய கட்டையைக் கொண்டுவந்து என் கையில் திணித்தார். "ரப்பரு தேஞ்சிருக்குது பாரு. மாத்தப் போறேன்னு சொல்லு. செத்தவனுக்கு எவனாவது ரப்பர் மாத்துவானா?"

அண்ணி சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்.

இட ஒதுக்கீட்டுப் போராட்டம் நடந்துகொண்டிருந்த சமயம். பஸ் கிடையாது. விடியும்போதே கட்டையைத் தோளில் போட்டுக் கள்ளக்குறிச்சிக்கு நடந்தேன். வழியில் புளியமரங்களை வெட்டி ரோட்டில் தள்ளியிருந்தார்கள். மரத்தின்மேல் ஏழெட்டுப் பேர் உட்கார்ந்திருந்தார்கள்.

"ஏம்ப்பா மொட்டை, எங்க போற? இன்னைக்கு ஈ காக்கா போவக்கூடாது."

"அண்ணனுக்குக் கட்டை ரிப்பேருங்க."

"நடக்கறாரா?"

"நடக்கறாருங்க," என்றேன்.

"நோவாளிக்குன்னா போ," என்று ஒருவர் கட்டையை வாங்கிக்கொண்டு, கை கொடுத்து மரத்தைத் தாண்டி இறக்கிவிட்டார். அந்தக் கை பட்டதும் எனக்கு இன்னும் பயமாகிவிட்டது.

வக்கீல் வீட்டில் முன் அறைதான் ஆபீஸ். கதவு திறந்திருந்தது. அவர் மகள் பிரசவத்துக்கு வந்திருந்தாள். நிறைமாத வயிற்றோடு கூடத்தில் நடந்துகொண்டிருந்தாள். நான் வாசப்படியிலேயே நின்றுவிட்டேன்.

"வாப்பா. இன்னா மொட்டை?"

"திருப்பதிங்கய்யா."

"உள்ள வா."

"இருக்கட்டுங்கய்யா."

"மோராவது குடி. வெயில்ல நடந்து வந்திருக்க."

"வேணாங்கய்யா."

எழுந்து வாசலுக்கே வந்தார். என் காலைப் பார்த்தார், வாசப்படியைப் பார்த்தார். "திருப்பதி போனவன் லட்டு எடுத்துக்கினு மொதல்ல உள்ளதான் வருவான். நீ படி தாண்ட மாட்டேன்ற. தண்ணி கூட வாங்க மாட்டேன்ற. யாருப்பா போனது?"

சாவுத் தீட்டோடு, கர்ப்பிணி இருக்கிற வீட்டுக்குள் எப்படிக் கால் வைப்பது? மாமா எல்லாவற்றையும் யோசித்தவர், இதை யோசிக்கவில்லை. நான் கட்டையைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டேன். மாமா சொல்லிக்கொடுத்தது வரை எல்லாம் கொட்டிவிட்டேன்.

வக்கீல் திட்டுவார் என்று நின்றேன். அவர் தன் தலையில் கை வைத்துக்கொண்டு சிரித்தார், பிறகு மெதுவாகப் பேசினார். "கால் புண்ணு வெஷம் ரத்தத்துல ஏறித்தான் போனார்னு டாக்டர் சொன்னாரா?"

"சொன்னாருங்க."

"அப்போ கேஸ் சாவாது. அடிபட்ட கேஸு, செத்த கேஸா மாறும். உங்க அண்ணியையும் பிள்ளைங்களையும் வாரிசாச் சேக்க மனு போடணும். வேற நோவுல போயிருந்தாக்கூட, வலிக்கும் வேதனைக்கும் கேட்டதுதான் அவரோட போவும். வைத்தியச் செலவ வாரிசு கேக்கலாம். ஆனா மனு போடறதுக்குக் கெடு இருக்குது. உங்க மாமா பேச்சக் கேட்டு மறைச்சிருந்தா, அப்பதான் நெசமா செத்திருக்கும்."

அப்படியே வாசல் மண்ணில் உட்கார்ந்தேன். உட்கார்ந்ததும் அடுத்த பயம் வந்தது. "இன்னைக்கு வாய்தாங்களே ஐயா?"

"எந்த வாய்தா? ரோடெல்லாம் மரம். ஜட்ஜய்யாவே வந்து சேரல. வூட்டுக்குப் போ. கருமாதி முடிஞ்சதும் அண்ணியக் கூட்டிக்கினு வா."

சாவு வீட்டுக்காரன் போய்ட்டு வரேன் என்று சொல்லக்கூடாது என்பதால் சும்மா எழுந்து நடந்தேன். அவரும் எதிர்பார்க்கவில்லை.

திரும்பும்போது அதே மரம், அதே ஆட்கள். "ரப்பர் கெடைச்சுதா?"

"அண்ணன் இல்லீங்க. பூட்டாரு," என்றேன். காலையில் கை கொடுத்தவர் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டார். மறுபடியும் கை கொடுத்தார். இந்தத் தடவை எனக்குப் பயமில்லை.

வீட்டில் அண்ணி அதே சுவரோரம் இருந்தார். "கேஸு செத்துடுச்சா தம்பி?"

"சாவல அண்ணி. இனிமே ஒங்க பேருல நடக்கும்."

மாமா துண்டை உதறித் தோளில் போட்டார். "நான் அப்பவே சொல்லல? நேரா வக்கீலைப் போய்ப் பாருடான்னு!"

அண்ணி திரும்பி அவரைப் பார்த்தார். அண்ணன் போன பிறகு அண்ணி முகத்தில் முதல் சிரிப்பு அன்றுதான் வந்தது. "மாமாவுக்கும் சேத்து சோறு போடு," என்று பெரியவளிடம் சொன்னவர், தனக்கும் ஒரு தட்டை இழுத்துக்கொண்டார்.

தீர்ப்பு வர இன்னும் சில வருஷம் ஆயிற்று. கேட்டதைவிடக் கம்மிதான் கிடைத்தது. ஆனால் காணி திரும்பியது. இன்றைக்கும் அதில் கேழ்வரகுதான் போடுகிறோம். மழையை நினைத்து நான் பயப்படுவதும் நிற்கவில்லை.