புதன்கிழமை என்று சொன்ன சாட்சி

நான் செய்யாத கொலைக்காக ஒன்பது ஆண்டுகள் சிறையில் இருந்தேன். குற்றமற்றவன் என்று வெளியே வந்த பிறகு, என்னைப் போலத் தவறாகத் தண்டிக்கப்பட்டவர்களைப் பற்றி ஆவணப்படங்கள் எடுத்தேன். ஒரு விதி வைத்திருந்தேன்: சாட்சிக்கு ஒரு சொல்லும் எடுத்துக்கொடுக்கக் கூடாது. என் வழக்கில் சாட்சி பேசியதெல்லாம் போலீஸ் எடுத்துக்கொடுத்தது.

அன்று சேரப்பணஞ்சேரியில், தொழிற்சாலை ஆட்கள் தங்கும் ஒரு வாடகை அறையில் கேமராவை நிறுத்தியிருந்தேன். எதிரே தூத்துக்குடிக்காரர் ஒருவர். அவருடைய அறை நண்பன், படப்பையில் ஒரு வியாழக்கிழமை மதியம் நடந்த கொலைக்காக ஆயுள் கைதி. அன்று அவனுக்கு வார விடுமுறை என்றது கம்பெனி பதிவு. உண்மையில் அவன் தொழிற்சாலை லைனில் வேலைக்கு நின்றிருந்தான், ஊருக்குப் போன இவருடைய வருகை அட்டையில். லீவு போட்டால் வேலை நிரந்தரமாகாது என்று நண்பர்கள் இப்படி மாறி நிற்பது அங்கே வழக்கம். சூப்பர்வைசருக்கு ஆள் நின்றால் போதும். வேலை போய்விடும் என்று பயந்து, வழக்கு நடந்தபோது இவர் வாயைத் திறக்கவில்லை.

“அன்னைக்குப் புதன்கிழமை. என் கார்டுலதான் அவன் வேலை பாத்தான், அண்ணாச்சி.”

என் பேனா நின்றது. அவர் என் முகத்தைப் பார்த்தார்.

“தப்பாச் சொல்லிட்டனா? நீங்க சொல்லித் தாங்க, அப்படியே சொல்லுதேன்.”

எழுந்து வாசல்வரை போனேன். திரும்பி வந்து உட்கார்ந்தேன். மறுபடி எழுந்தேன். கேசட் ஓடிக்கொண்டிருந்தது. ஒரே ஒரு கிழமை. அதை நான் எடுத்துக்கொடுத்தால் உள்ளே இருப்பவனுக்கு வழி பிறக்கும்.

“ஊருக்குக் கிளம்புனதுலேருந்து ஒவ்வொண்ணா சொல்லுப்பா,” என்றேன்.

“அக்கா மவளுக்குக் காதுகுத்து. ஷிப்ட் முடிச்சு பஸ் ஏறுனேன்...” நிறுத்தினார். “இருங்க, அம்மாட்ட கேட்டுருதேன்.”

எஸ்.டி.டி. பூத்துக்குக் கேமராவுடன் பின்னால் போனேன்.

“இன்னா, ஷூட்டிங்கா? ஈரோயினக் காணோம்?” என்றார் பூத்காரர்.

ஊரில் அம்மா காதுகுத்து அழைப்பிதழைத் தேடி எடுத்துப் போனில் படித்தார். இவர் போனை வைத்துவிட்டுக் கேமராவைப் பார்த்துச் சொன்னார்: “பஸ் ஏறுனதுதான் புதன். காதுகுத்து வியாழன். வியாழன்தான் அவன் என் கார்டுல நின்னான்.” பிறகு என்னிடம், “இதப் பாத்தா கம்பெனில என்னைய வெளிய அனுப்பிருவாவ. பரவால்ல, மூஞ்சிய மறைக்காதீங்க” என்றார்.

கைதிக்காக மேல்முறையீடு செய்யும் வழக்கறிஞர் கேசட்டைப் பார்த்தார். “புதன்னு சொல்ற இடத்த வெட்டிடுங்க சார். அரசுத் தரப்புல அதப் புடிச்சுக்குவாங்க.”

வெட்ட மறுத்தேன். ஆனால் நிம்மதியில்லை. நான் எதுவும் எடுத்துக்கொடுக்கவில்லையா? எழுந்ததும் நடந்ததும் பேனா நின்றதும் கணக்கில் வராதா? கேசட்டை மூன்று முறை ஓட்டிப் பார்த்தேன். கேமரா அவரை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தது; என் முகம் அதில் எங்கும் இல்லை.

கேசட்டோடு கொடுத்த குறிப்பில் ஒரு வரி சேர்த்தேன்: சாட்சி தன்னைத் திருத்திக்கொள்ளும் முன் என் முகத்தைப் பார்த்தார்.

வழக்கறிஞர் அதைப் படித்துவிட்டு, “இது உள்ள இருக்கறவனுக்கு எதிராப் போகலாம், தெரியுமா?” என்றார்.

தெரியும் என்றேன்.