ரஷ்யாவுக்கு எடுத்த முடிவு

வீபெக்கே பல வருஷம் படங்களுக்குக் கதை எழுதிப் பிழைத்தவள். எழுதியதைவிட, முதலாளி சொன்னாரென்று வெட்டித் தள்ளியதுதான் அதிகம். கோபன்ஹேகன் திரைப்படக் காப்பகத்தில் வேலை கிடைத்த பிறகுதான் அந்தக் கைக்கு ஓய்வு.

முதியோர் இல்லத்தில் இருந்த பழைய ஊமைப்பட நடிகை தோராவுக்கு எண்பதாவது பிறந்தநாள் வந்தது. ஒரு படத்தில் தன்னோடு நடித்த அய்னாரையே கல்யாணம் செய்துகொண்டவள் அவள். அய்னார் செத்துப் பல காலம். "அவர் நடமாடறத ஒரு தடவ பாத்துட்டாப் போதும்" என்று வீபெக்கேயிடம் கேட்டிருந்தாள்.

அந்தக் காலத்தில் ஒரே படத்துக்கு இரண்டு முடிவு எடுப்பார்கள். உள்ளூருக்குக் கல்யாணம், அழுதால்தான் திருப்தி என்று ரஷ்யாவுக்குச் சாவு. இவர்கள் படத்தில் கல்யாண முடிவு மக்கிப்போய்விட்டது. மிஞ்சியது ரஷ்யச் சுருள் மட்டும். அதில் தோரா தனியாகக் கடலில் இறங்கி மூழ்குகிறாள். அய்னார் மருந்துக்கும் இல்லை.

"பொறந்தநாளும் அதுவுமா கிழவியக் கடல்ல தள்ளப் போறியா?" என்றான் கூட வேலை பார்க்கும் க்னூட். "அத வெட்டிட்டு, 'கல்யாணம் நடந்தது'ன்னு ஒரு அட்டை எழுதிப் போடு. உனக்குத் தெரியாத வேலையா?"

"தெரிஞ்ச வேலைங்கறதாலதான் மாட்டேங்கறேன். வந்தது வந்தபடி இருக்கட்டும்."

அந்தச் சுருளிலிருந்து எடுத்த புதுப் பிரதி பிறந்தநாள் அன்று காலையில்தான் வந்தது. ஓட்டிப் பார்க்கக்கூட நேரமில்லை.

இல்லத்தில் மேஜை முழுக்கக் குட்டிக் கொடிகள், நடுவில் கிரீம் கேக். தோரா வீபெக்கேயின் கையைப் பிடித்துக்கொண்டாள். "போன தடவைக்கு நன்றிம்மா." மறுபடி சந்தித்தால் அந்த நாட்டில் எல்லாரும் முதலில் சொல்வது அதைத்தான். தோரா பால்காரனிடம்கூட அதை விடமாட்டாள்.

படம் ஓடியது. தோரா மூழ்கினாள். கேக் தின்றவர்கள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டார்கள். வீபெக்கேவுக்கு எழுந்து ஓடிவிடலாம் போலிருந்தது.

ஆனால் படம் நிற்கவில்லை. கேமராக்காரர் கைப்பிடியைச் சுற்றுவதை நிறுத்த மறந்திருக்கிறார். செத்துப்போன தோரா தண்ணீரிலிருந்து எழுந்து, பல் கிட்டிக்க யாரையோ திட்டினாள். ஓரத்திலிருந்து ஒரு இளைஞன் கம்பளியோடு ஓடிவந்தான். தடுக்கி விழப்போனான். அவளைச் சுற்றிப் போர்த்திவிட்டு, கேமராவைப் பார்த்துச் சிரித்தான்.

அய்னார்தான்.

"குளிர்ல நடுங்கிட்டு நிக்கறேன், அப்பப் போய் கட்டிக்கறியான்னு கேட்டாரு," என்றாள் தோரா.

பழைய வீபெக்கேயாக இருந்தால் முதலில் வெட்டியிருப்பது இந்தத் துண்டைத்தான். பெயர் தெரியாத அந்தக் கேமராக்காரரை நினைத்து அவளுக்கு நன்றியில் கண் நிறைந்தது.

தோரா நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தாள்.

"போன தடவைக்கு நன்றி, அய்னார்," என்றாள்.