ஆண் போன்

கிரேக்கத்தில் ஆணைக் குறிக்கும் ஒரு சொல் ஆங்கிலத்துக்குள் நுழைந்து, அங்கேயே குடும்பம் நடத்திப் பெருகிக் கிடக்கிறதாம். பதுளையில் நான் போகும் ஞாயிற்றுக்கிழமை ஆங்கில வகுப்பில், யாழ்ப்பாணத்து வாத்தியார் அந்தக் குடும்பத்தைப் பலகையில் வரிசையாக எழுதினார். ஒருத்திக்குப் பல புருஷன் இருந்தால் பொலியாண்ட்ரி. ஆண்களைக் கண்டாலே வெறுப்பு என்றால் மிஸாண்ட்ரி. ஆணைப் போலச் செய்த பொம்மை ஆண்ட்ரொய்ட், உங்கள் கையில் இருக்கிற போனுக்கும் அந்தப் பேர்தான் என்றார். நான் சத்தமாகச் சிரித்துவிட்டேன்.

"என்ன பிள்ளை சிரிக்கிறீர்?"

"எங்கம்மா இத அப்பவே சொன்னாங்க சேர்."

"அம்மா இங்கிலீஷ் டீச்சரோ?"

"இல்ல சேர். கொழுந்து பறிக்கிறாங்க."

வகுப்பே சிரித்தது. எனக்குத்தான் அதற்குமேல் சிரிப்பு வரவில்லை.

கொரோனாவில் பள்ளிக்கூடங்கள் மூடிக் கிடந்தபோது எனக்குப் பதின்மூன்று வயது, ஒன்பதாம் வகுப்பு. பசறைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில், லயம் என்கிற வரிசை வீடுகளில் ஒன்று எங்களுடையது. பாடமெல்லாம் இனி வட்ஸ்அப்பில்தான் வரும், நீங்கள் அனுப்பும் விடைகளைப் பார்த்து இரண்டு பேரைப் பத்தாம் வகுப்புக்குப் பதுளைப் பள்ளிக்கூடம் ஒன்றில் சேர்த்துவிடுவேன் என்று டீச்சர் சொல்லியிருந்தார். அந்த இரண்டில் ஒன்று நான்தான் என்பதில் எனக்குச் சந்தேகமே இருக்கவில்லை. கணக்கில் எப்போதும் நான்தான் முதல். தலைக்கனமும் கொஞ்சம் இருந்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன்.

அம்மா தன் வெள்ளாட்டை விற்றாள். அந்த ஆட்டுக்கு இரண்டு வருடமாகப் புல்லறுத்துப் போட்டது நான். "ஒனக்குத்தான் புள்ள போனு" என்று சொல்லித்தான் கயிற்றை அவிழ்த்துக் கொடுத்தாள்.

கொழும்பில் ஹோட்டல் வேலை நின்றுபோய் அப்பா அந்த மாதந்தான் வீட்டோடு வந்திருந்தார். பசறைக் கடையிலிருந்து போன் வந்த நாள் முதல் அவரும் அம்மாவும் என் முன்னால் பேசிக்கொள்ளவில்லை. இரண்டு நாளாகப் பெட்டி சாமிப் படத்துக்குக் கீழே பிரிக்காமலே இருந்தது. வேலை போன கவலை என்று நான் நினைத்துக்கொண்டேன்.

மூன்றாம் நாள் சாயந்தரம் அம்மா பெட்டியை எடுத்து மடியில் வைத்தாள். கடைக்காரர் அதன்மேல் தமிழில் எழுதிய ஒரு துண்டுச் சீட்டை ஒட்டியிருந்தார். அம்மா அதில் விரலை வைத்து எழுத்துக் கூட்டினாள்.

"ஆ... ண்... ஆண். ஆண் போன்னுல்ல போட்டிருக்கு?"

"அம்மா, அது ஆண்ட்ரொய்ட்! மிச்ச எழுத்தையும் சேத்து வாசிம்மா."

"ஆண்னுதான் இருக்கு. அப்ப இது அண்ணனுக்குத்தான். பொம்பளப் புள்ளைக்கு வேற வரும்போல, வந்ததும் வாங்குவோம்."

வாசலில் நின்ற அப்பா சிரித்தார். கொழும்பிலிருந்து வந்தபிறகு அவர் சிரித்தது அன்றுதான். அண்ணன் பெட்டியை வாங்கிக்கொண்டான். நான் கத்தினேன், அழுதேன், இரவு சாப்பிடவில்லை. இப்படி ஒரு முட்டாளுக்குப் போய்ப் பிள்ளையாகப் பிறந்தேனே என்று என் நாக்கு சொன்னது. அம்மா காதில் விழுந்தும் விழாதவளாகச் சட்டியைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

சிக்னல் கிடைக்கும் பாறைக்கு அண்ணன் காலையிலேயே ஏறிவிடுவான். பதினோராம் வகுப்பு முடிவில் வரும் சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கிறானாம். கீழே நின்றாலே துப்பாக்கிச் சண்டை விளையாட்டுச் சத்தம் கேட்கும். நான் கையை நீட்டினால், "ஆண் போன், தொடாத" என்பான். சார்ஜ் இறங்கித் திரை அணையப் போகிற நேரத்தில் எனக்குக் கொடுப்பான். அப்படி நான் எழுதி அனுப்பியது மொத்தம் இரண்டே பாடம். பதுளைக்கு வேறு இரண்டு பேர் போனார்கள். நான் பழைய பள்ளிக்கூடத்திலேயே படித்தேன். விட்ட கணக்கு விட்டதுதான், சாதாரண தரத்தில் அந்தப் பாடத்திலேயே தவறினேன். இப்போது பதுளையில் ஒரு துணிக்கடையில் சேலை மடிக்கிறேன்.

போன தீபாவளிக்கு வந்த அண்ணன், சாப்பிட்டுக் கை கழுவும்போது சாதாரணமாகச் சொன்னான். அந்த இரண்டு நாளும் என்ன நடந்தது என்று அவனுக்கு அப்போதே தெரியுமாம். "பொட்டப் புள்ள கையில போனப் பாத்தேன், போனையும் ஒடைப்பேன், அவ பொஸ்தகத்தையும் அடுப்புல வைப்பேன், நாளைக்கே கொழும்புக்கு வீட்டு வேலைக்கு அனுப்பிருவேன்" என்று அப்பா சொன்னாராம். போனை மகனுக்குக் கொடுத்துவிடுகிறேன், அவள் படிப்பை மட்டும் நிறுத்தாதீர்கள் என்று அம்மா காலில் விழுந்தாளாம்.

அம்மா ஏழாம் வகுப்பு வரை படித்தவள். கொழுந்து நிறுக்கும் இடத்தில் ஒட்டுகிற அறிவித்தலையெல்லாம் மற்றப் பெண்களுக்குத் தடங்கலில்லாமல் வாசித்துச் சொல்பவள் அவள்தான். இது எனக்கு அன்றைக்கும் தெரியும். கோபத்தில் அது நினைவுக்கே வரவில்லை. நீ பெண் என்பதால் உனக்குப் போன் கிடையாது என்று மகள் முகத்தைப் பார்த்துச் சொல்ல அவளுக்கு வாய் வந்திருக்காது.

நானோ அன்று சும்மா இருக்கவில்லை. போன் அண்ணன் கைக்குப் போன மறுநாளே, எல்லாரும் தண்ணீர் பிடிக்கும் பீலிக்குப் போய், அம்மா விரல் வைத்து எழுத்துக் கூட்டியதை அப்படியே நடித்துக் காட்டினேன். லயமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. "என்ன ஆண் போன்காரி, பொம்பள போன் வந்திருச்சா?" என்று ஒருத்தி கேட்டபோது, குடத்தோடு வந்துகொண்டிருந்த அம்மாவும் சேர்ந்து சிரித்தாள். "எனக்கென்னாடி தெரியும், படிக்காத மூதேவி" என்றாள். இவளுக்கு வெட்கம் என்பதே கிடையாதா என்று நினைத்து, அவள் நீட்டிய குடத்தை வாங்காமல் நான் முகத்தைத் திருப்பிக்கொண்டு நடந்தேன்.