மாறுவேடமும் கள்ளப் பேரும்

1. நிசாம் நானாவின் கேள்வி

"நான் மோசடிக்காரன் எண்டு எப்ப தம்பி உனக்குச் சொன்னனான்?"

பேப்பர் மடிக்கும் மெசினை நிற்பாட்டிவிட்டு நிசாம் நானா என்னைக் கேட்டார். கனடாவில், வோபர்னில் இருந்த எங்கள் அச்சகத்தில் அவர் மெசினில் வேலை. நான் தமிழ் எழுத்துக் கோக்கும் ரைப்செற்றிங்கும் மொழிபெயர்ப்பும். அதற்கு முதல் நாள்தான் அவருடைய அகதி ஹியரிங். விசாரித்த அதிகாரி அவருடைய வாக்குமூலத்தில் ஒரு வரியை வாசித்துக் காட்டி, "ஃப்ரோட் செய்து வந்தேன் என்று நீரே எழுதியிருக்கிறீர். மிச்சத்தை நான் எப்படி நம்புவது?" என்று கேட்டிருக்கிறார். மூன்று கிழமைத் தவணை. அதற்குள் சரியான பதில் சொல்லாவிட்டால் ஆளைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

அந்த வாக்குமூலத்தை ஆங்கிலத்தில் எழுதியவன் நான்.

"நீங்கள்தானே நானா சொன்னீங்கள், கள்ளப் பேரிலை வந்தனான் எண்டு."

"ஓம், சொன்னனான். போன மாசம் கள்ள லீவு எடுத்தனான் எண்டும் முதலாளி செல்வாவுக்குச் சொன்னனான். அதுக்கு அவர் பொலிசுக்கே போன் அடிச்சவர்?"

எங்கள் ஊரில் சின்னப் பொய்க்கும் 'கள்ள' என்றுதான் பேச்சு; கண்ணை மூடி நடிக்கும் குழந்தைக்கும் கள்ள நித்திரை உண்டு. இதெல்லாம் தெரிந்த நான்தான் அகராதியைப் புரட்டி, இருந்ததில் பெரிய சொல்லாகப் பார்த்து ஃப்ரோட் என்று வைத்தேன். எங்கள் குடும்பத்தில் கைநாட்டு வைக்காமல் கையெழுத்துப் போட்ட முதல் ஆள் நான். பெரிய சொல்தான் நல்ல ஆங்கிலம் என்று நினைத்திருந்தேன்.

நானா யாழ்ப்பாணத்துச் சோனகர், முஸ்லிம்; அவர்களுக்கு அண்ணன் என்றால் நானா. தொண்ணூறில் முஸ்லிம்களை ஊரைவிட்டு வெளிக்கிடச் சொன்ன இயக்கக்காரர் அவருக்குக் கொடுத்தது இரண்டு மணித்தியாலம். பாஸ்போட், காணி உறுதி, தையல் மெசின் எல்லாம் வீட்டோடு நின்றுவிட்டன. சில வருசம் கழித்து, வெளிநாட்டுக்கு ஆள் அனுப்பும் ஏஜென்சிக்காரன் அவருக்குக் கொடுத்தது சிவலிங்கம் என்ற ஒருவருடைய பாஸ்போட். தாடியை வழித்து, நெற்றியில் திருநீறு பூசி, "கனடா போய் இறங்குமட்டும் நீ சைவக்காரன். எங்கையும் தொழுதிடாதை" என்று சொல்லி அனுப்பினான். வழியில் ஒரு எயார்போட்டில் ஒன்பது நாள் மறித்து வைத்திருந்தார்கள். அந்த ஒன்பது நாளும் அவர் போர்வைக்குள் படுத்தபடி, உதடு அசையாமல் மனதுக்குள் மட்டும் தொழுதிருக்கிறார். இதையும் நான்தான் எழுதினேன். ஆனால் அதிகாரி அந்தப் பக்கத்துக்கு வரவேயில்லை. ஃப்ரோட் என்ற சொல்லிலேயே நின்றுவிட்டார்.

2. துரைமாரின் படம்

அதே கிழமை கடைக்கு ஒரு நல்ல ஓடர் வந்தது. நகரத்தில் ஒரு கண்காட்சி; அதற்குப் பல மொழிகளில் துண்டுப்பிரசுரம். விக்டோரியா மகாராணி காலத்தில் வேறு பெயர் வைத்து, முஸ்லிம்களைப்போல உடுத்து, மக்காவுக்கும் மதீனாவுக்கும் போய்வந்த வெள்ளைக்காரத் துரைமாரைப் பற்றியது. தமிழ் என் மேசைக்கு வந்தது.

ஒரு துரை வைத்தியர் என்று சொல்லிப் போயிருக்கிறார். இன்னொருவர் தொழுகை வரிசையில் நின்றுகொண்டே, கட்டடத்தை எப்படிப் படம் கீறலாம் என்று மனதுக்குள் அளந்திருக்கிறார். ஊருக்குத் திரும்பிப் புத்தகம் போட்டார்கள், பட்டம் வாங்கினார்கள். பிரசுரம் அதை டிஸ்கைஸ் என்றது. நான் யோசிக்காமல் 'துணிச்சல் மிக்க மாறுவேடப் பயணம்' என்று அடித்தேன்.

அடித்து முடித்துத் திரும்பினால் பக்கத்தில் நானாவின் வாக்குமூலம் கிடந்தது. இரண்டிலும் பொய்ப் பெயர், பொய்க் கோலம், மனதுக்குள் ஒன்று வெளியில் ஒன்று. ஒருவர் பார்த்து எழுதப் போனவர், மற்றவர் உயிர் தப்ப வந்தவர். துரைக்கு மாறுவேடம் கொடுத்ததும் நான்தான், நானாவுக்கு மோசடி கொடுத்ததும் நான்தான். மாறுவேடத்தை அழித்துவிட்டு 'கள்ளப் பேரில் புகுந்த' என்று போட்டேன்.

முதலாளி செல்வா அண்ணை அச்சுக்கு முன் புறூவ் பார்த்துவிட்டுக் கத்தினார். "உமக்கென்ன விசரே? அவை டிஸ்கைஸ் எண்டு எழுதியிருக்கினம். நீர் ஆர் அதை மாத்த?"

"அப்ப நானாவுக்கு மட்டும் ஏன் அண்ணை கள்ளன் பட்டம்?"

"அதை நீர்தானே ஐசே குடுத்தனீர்!"

அவர் சொன்னது சரி. அதனால்தான் இன்னும் கோபம் வந்தது. பிரசுரத்தில் மாறுவேடத்தைத் திரும்பப் போட்டேன். மடித்து அடுக்கும்போது படத்திலிருந்த துரையை நானா கொஞ்ச நேரம் பார்த்தார்.

"தலைப்பாகையைக் கட்டின விதம் பிழை. உவரை ஒருத்தரும் மறிக்கேல்லையே?"

"இல்லை நானா."

"உவருக்கு லோயர் ஆரெண்டு கேட்டுச் சொல்லு."

3. சீல்

நானாவின் லோயர் ஒரு வழி சொன்னார். மொழிபெயர்ப்பில் பிழை நடந்தது என்று நான் சத்தியக் கடதாசி எழுதித் தரவேண்டும். கூப்பிட்டால் வந்து சொல்லவும் வேண்டும். செல்வா அண்ணைக்கு முகம் கறுத்தது.

"வாக்குமூலத்திலை எங்கடை கடைச் சீல் கிடக்கு. பிழையெண்டு நீர் எழுதிக் குடுத்தால் நாளைக்கு ஆர் எங்களிட்டை வருவினம்?"

"நானாவைத் திருப்பி அனுப்பினால் பறவாயில்லையே?"

"தம்பி, உமக்கு வேலை வேணுமோ வேண்டாமோ?"

எழுதிக் கொடுத்தேன். புதிய மொழிபெயர்ப்பில் பிரசுரத்திலிருந்தே சொல்லை எடுத்தேன். 'இன்னொருவர் பெயரில் டிஸ்கைஸில் வந்தேன்' என்று. துரைக்குப் பொருந்துமென்றால் நானாவுக்கும் பொருந்தும்.

இரண்டாவது ஹியரிங்கில் என்னை உள்ளே கூப்பிட்டார்கள். கள்ள லீவு, கள்ள நித்திரை எல்லாம் சொன்னேன். அதிகாரி எழுதிக்கொண்டார். பிறகு வாக்குமூலத்தின் கடைசிப் பக்கத்தைத் திருப்பி என் முன்னால் வைத்தார். 'இதை முழுவதும் அவருடைய மொழியில் அவருக்கு வாசித்துக் காட்டினேன்' என்ற வரி. அதன் கீழே என் கையெழுத்து.

"வாசித்துக் காட்டினீரா?"

இல்லை. அன்றைக்கு மூன்று கலியாணக் காட் அவசரம். "நானா, இதிலை ஒரு கையெழுத்து வையுங்கோ" என்றேன். அவரும் என்னை நம்பி வைத்தார். ஒருமுறை வாசித்திருந்தால் அந்த இடத்திலேயே மறித்திருப்பார். ஓம் என்று சொன்னால் என் பெயர் தப்பும், கேட்டபிறகும் கையெழுத்து வைத்த பிழை அவருடையதாகிவிடும். நானா என்னைப் பார்க்கவில்லை, மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இல்லை" என்றேன்.

ஐந்து கிழமை கழித்து நானாவை ஏற்றுக்கொண்ட கடிதம் வந்தது. அதற்கு முன்பே செல்வா அண்ணை மொழிபெயர்ப்புச் சீலை என் மேசை லாச்சியிலிருந்து எடுத்துவிட்டார். "இனி நீர் கலியாணக் காட் மட்டும் செய்யும்" என்றார்.

இந்த வேலைக்கு இப்போது வரும் தம்பி தங்கச்சிமாருக்கு எழுதுகிறேன். அகராதியைப் பிறகு பாருங்கள். எழுதியதை முதலில் அந்த மனிசருக்கு வாசித்துக் காட்டுங்கள். துரைமாரிலும் அதிகாரியிலும் எனக்கு இருந்த கோபம் ஆறவில்லை, ஆறவும் தேவையில்லை. ஆனால் அந்த வாக்குமூலத்தில் ஃப்ரோட் என்று சொல்லக்கூடியது ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது கடைசிப் பக்கத்தில், என் வடிவான கையெழுத்தில் இருந்தது.