வெளிச்சத்துக்குத் தூக்கிய கை

பனியனை வலது கையால் தலைக்கு மேல் தூக்கி, டியூப்லைட்டுக்கு நேராகப் பிடித்து, இடது கையை இடுப்பில் ஊன்றி, கழுத்தை ஒரு பக்கமாகச் சாய்த்துப் பார்ப்பார் அக்கா. நல்லூரில் நாங்கள் வேலை பார்த்த பனியன் கம்பெனியின் செக்கிங் பிரிவில் மற்ற எல்லோரும் துணியை மேசைமேல் போட்டுக் குனிந்து பார்த்தோம். அவர் ஒருவர்தான் நிமிர்ந்து பார்த்தார். ஊசி பட்ட ஓட்டையோ இழை விட்ட இடமோ, வெளிச்சம் துணிக்குள் நுழைந்து வரும்போது தானாகத் தெரியும் என்பார். நான் தேனிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்து அவருக்கு அடுத்த மேசையில் நின்றேன். அவருக்குச் சாமளாபுரம். விசைத்தறி ஓட்டிய கணவர் இறந்துவிட்டார். மகள் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள். காலையில் வைத்த குழம்பில் தொடங்கி, பக்கத்து வீட்டுச் சண்டை வரைக்கும் அக்காவின் பேச்சு ஓடும். கை மட்டும் பேச்சுக்காக நிற்காமல் ஏறி இறங்கிக்கொண்டிருக்கும்.

கழுத்து ஏன் சாய்கிறது என்பது எனக்குத் தெரியும். சேர்ந்த புதிதில் ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது அவரே சொன்னார். "சின்னப் புள்ளைல அம்மை வந்துச்சு கண்ணு. இடது கண்ணு பேருக்குத்தான் இருக்குது. அதான் வலது கண்ண நேராக் கொண்டாந்து வெச்சுக்கறது. யாருகிட்டயும் சொல்லிராத." நான் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய தேவையும் வரவில்லை. அவர் பார்த்து அனுப்பிய சரக்கில் குறை என்று யாரும் பேசி நான் கேட்டதில்லை.

அந்தச் சமயத்தில் செல்போன் விளையாட்டு ஒன்று ஊரையே பிடித்து ஆட்டிக்கொண்டிருந்தது. கோட்டையைப் பிடிக்கிற சண்டை. அதில் வரும் வீராங்கனை ஒருத்தி, ஜெயித்ததும் எதிரியின் கொடியைப் பிடுங்கி ஒரு கையால் உயரத் தூக்கி, மறு கையை இடுப்பில் வைத்து, தலையைச் சாய்த்து அதையே உற்றுப் பார்த்தபடி நிற்பாள். உருவாக்கியவர்கள் அதைக் கம்பீரம் என்று நினைத்திருப்பார்கள். விளையாடியவர்களுக்கு, கொடியில் ஓட்டை இருக்கிறதா என்று தேடுகிறவளைப் போலத் தெரிந்தது. யாரோ ஒருவர் கொடியை எடுத்துவிட்டு அந்தக் கையில் ஒரு தோசையை ஒட்டிப் போட்டார். அவ்வளவுதான். அடுத்து கரண்ட் பில் வந்தது, கிழிந்த வேட்டி வந்தது, முட்டை மார்க் வாங்கிய பரீட்சைத் தாள் வந்தது. பிறகு படத்தில் ஒட்டுவது போய் மனிதர்களே அப்படி நிற்க ஆரம்பித்தார்கள். கல்யாண மண்டபத்தில் மாப்பிள்ளை தாம்பூலப் பையைத் தூக்கிப் பிடித்துப் படம் எடுத்துக்கொண்டான். எங்கள் கம்பெனியில் தையல் மெஷினில் இருந்த பீகார்க்காரர்கள் மதிய இடைவேளையில் சப்பாத்தியைத் தூக்கிப் பிடித்துச் சிரித்தார்கள். பாஷை தெரிய வேண்டியதில்லாத வேடிக்கை அது.

எங்கள் கம்பெனியில் வெளிநாட்டு வியாபாரிகளோடு பேசி ஆர்டர் முடிக்கிற மெர்ச்சண்டைசர் இளைஞர், கலகலப்பானவர். ஒருநாள் எங்கள் பிரிவுக்குள் வந்தவர் அக்காவைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார். பிறகு சிரிப்பை அடக்கிக்கொண்டு போனை எடுத்தார்.

"அக்கா, அப்பிடியே நில்லுங்க. ஒரு நிமிசம்."

"எதுக்குங்க சார்?"

"சும்மாதானுங்க்கா."

பையர்களுக்கு, அதாவது சரக்கு வாங்குகிற வெளிநாட்டு வியாபாரிகளுக்கு, அனுப்ப அடிக்கடி படம் எடுப்பது வழக்கம் என்பதால் அக்கா நின்றார். அதை வைத்து அவர் செய்ததில் மேலே விளையாட்டுப் பெண், கீழே அக்கா, இருவருக்கும் ஒரே பாட்டு. "ஒரிஜினல் எங்க கம்பெனியில இருக்காங்க" என்று எழுதி அவர் போட்ட வீடியோவை மறுநாள் டீக்கடையில் எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அடுத்த வாரம் தெரியாத ஊர்க்காரர்களும் அயல்நாட்டவரும் அதைப் பகிர்ந்தார்கள். அக்காவும் முதலில் சிரித்தார், அதை மறைக்கத் தேவையில்லை. என் போனை வாங்கி மறுபடி மறுபடி பார்த்தார். "அட, அந்தப் புள்ள என்னய மாதிரியே நிக்குதே! பாவம், அவளுக்கு எந்தக் கண்ணு தெரியாதோ" என்று என் காதில் மட்டும் சொன்னார்.

முதலாளிக்கும் மகிழ்ச்சிதான். ஜவுளிக் கண்காட்சியில் கம்பெனி போட்ட கடைக்கு அக்காவைக் கூட்டிப்போனார்கள். புதுச் சேலை எடுத்துக் கொடுத்தார்கள். "நீங்க ஒண்ணும் பேச வேண்டாமுங்க, அப்படியே நின்னீங்கன்னாப் போதும்" என்றார் முதலாளி. துணியே பார்க்காமல், வந்தவர்கள் தோளோடு தோள் ஒட்டிப் படம் எடுக்க, பொழுது முழுக்க அக்கா ஒரு பனியனைத் தூக்கிப் பிடித்து நின்றார். மறுநாள் வேலைக்கு வந்தவர் தோளை நீவிக்கொண்டே, "துணியில்லாமப் பாக்கற மாதிரி இருந்துச்சு கண்ணு" என்றார். கையில் துணி இருந்ததே என்று நான் கேட்கவில்லை. அவர் சொன்னது எனக்குப் புரிந்தது.

பிறகு யாரோ அந்த வீடியோவைப் பெரிதாக்கிப் பார்த்தார்கள். அசையாத இடது கண் தெரிந்துவிட்டது. அதைச் சுற்றி ஒரு சிவப்பு வட்டம் போட்டுப் பரப்பினார்கள். பழசாகிக்கொண்டிருந்த வேடிக்கைக்கு அதோடு மறுபடி உயிர் வந்தது. இப்போது கையைத் தூக்குவதோடு இடது கண்ணை இறுக்கி மூடிக்கொண்டும் நின்றார்கள். பள்ளிப் பிள்ளைகள் நின்றார்கள், தொலைக்காட்சியில் நிகழ்ச்சி நடத்துகிறவர் நின்றார். வீடியோவுக்குக் கீழே எழுதியிருந்தவற்றை மகள் படித்திருக்கிறாள். கல்லூரி விழாவுக்கு வர வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறாள். "கோவமாச் சொல்லல கண்ணு, அழுதுட்டே சொல்லுது. கோவமாச் சொல்லியிருந்தா நானும் ரெண்டு திட்டியிருப்பேன்" என்றார் அக்கா. அன்றைக்குத்தான் அவர் பேசாமல் வேலை பார்த்ததை நான் முதல்முறையாகக் கண்டேன்.

பையர் சார்பில் தரம் பார்க்க வருகிறவரும் அந்த வட்டத்தைப் பார்த்திருந்தார். ஒரு கண் தெரியாதவரையா செக்கிங்கில் வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டார். கம்பெனி செலவிலேயே அக்காவுக்குக் கண் பரிசோதனை நடந்தது. அது என்ன சொல்லும் என்பது அக்காவுக்குத்தான் சிறுவயதிலிருந்தே தெரியுமே. ஆபீஸுக்குக் கூப்பிட்டபோது துணைக்கு என்னையும் அழைத்துக்கொண்டார்.

"எங்க கையில ஒண்ணுமில்லீங்க்கா. பையர் சைடுல கேக்கறாங்க" என்றார் மேனேஜர்.

"இத்தன வருசமா இந்த ஒத்தக் கண்ணுலதானுங்க பாத்தேன். அப்ப வராத கொறை இப்ப எங்கிருந்துங்க வந்துச்சு?"

மேனேஜர் மேசையிலிருந்த காகிதங்களை அடுக்கினார். கண்காட்சியில் அக்காவைக் கொண்டுபோய் நிறுத்திய முதலாளி அன்று வெளியூர் போயிருப்பதாகச் சொன்னார்கள். ஜன்னல் வழியாக அவருடைய கார் நிற்பது தெரிந்தது.

தைத்த துணியில் தொங்கும் நூல் பிசிறுகளை வெட்டுகிற இடத்துக்கு அக்காவை மாற்றினார்கள். அங்கே எல்லோரும் கீழே உட்கார்ந்து, தலை குனிந்து வேலை செய்வார்கள். மெர்ச்சண்டைசர் ஒருநாள் அங்கே வந்து, "நான் ஜாலிக்குத்தானுங்க்கா போட்டேன்" என்றார். "தெரியுமுங்க சார்" என்றார் அக்கா. குனிந்து அடுத்த பனியனை எடுத்து நூல் வெட்டத் தொடங்கினார். சில வாரத்தில் அந்த இளைஞர் முதலிபாளையத்தில் இருக்கும் இன்னும் பெரிய கம்பெனிக்குப் போய்விட்டார். அந்த வீடியோ தன்னுடையது என்று அங்கே சொன்னதால்தான் உடனே எடுத்துக்கொண்டார்கள் என்று பேசிக்கொண்டார்கள்.

அந்த ஆர்டர் எங்களுக்கு வராமலே இருந்திருக்கலாம். கறுப்பு டி-ஷர்ட், மார்பில் வெள்ளைக் கோட்டில் கையைத் தூக்கி நிற்கும் வீராங்கனை. ஊரார் சேர்த்த பங்கும் அதில் இருந்தது, அவளுடைய இடது கண் மூடியிருந்தது. தையல் முடிந்த குவியல், செக்கிங்குக்கு எங்களிடம் வரும் முன்பு, பிசிறு வெட்டப் போனது. அக்கா முதல் உருப்படியை எடுத்து மடியில் விரித்தார். படத்தைப் பார்த்தார். கழுத்தோரம், கை, அடி மடிப்பு என்று வழக்கம் போல நூல்களை வெட்டி, மடித்துப் பக்கத்தில் வைத்தார். அப்படிச் சிலவற்றை முடித்த பிறகு கத்தரியைத் தரையில் வைத்துவிட்டு எழுந்தார். என் மேசையைக் கடக்கும்போது, "வர்றேன் கண்ணு" என்றார். சாப்பாட்டுப் பையை எடுத்துக்கொண்டு போனவர் திரும்பி வரவில்லை.

இப்போது அந்த விளையாட்டை யாரும் விளையாடுவதில்லை. எங்கள் பிரிவில் புதிதாகச் சேர்ந்த பெண்களிடம் அதைப் பற்றிக் கேட்டால் விழிக்கிறார்கள். அதற்குப் பிறகு எத்தனையோ வேடிக்கைகள் வந்து போய்விட்டன.

போன மாதம் பல்லடம் பஸ்ஸில் அக்காவைப் பார்த்தேன். ஒரு விடுதியில் சமையலுக்குப் போவதாகச் சொன்னார். மகளுக்குக் கல்யாணம் ஆகிவிட்டதாம். "போட்டோக்காரர் என்னய அடையாளம் கண்டுக்கிட்டு, அம்மா, ஒருக்கா அந்த மாதிரி நில்லுங்கன்னாரு. சம்பந்தி ஊட்டுக்காரங்க எல்லாரும் சுத்தி நிக்கறாங்க."

"நின்னீங்களாக்கா?"

"நின்னேன். வேறென்ன பண்றது கண்ணு."

பஸ்ஸில் கூட்டம் நெரிந்தது. எல்லோரும் மேலே கம்பியைப் பிடித்திருக்க, அக்கா மட்டும் சீட்டின் முதுகைத் தாழ்வாகப் பற்றிக்கொண்டு தடுமாறினார். டிரைவர் பிரேக் போட்டதும், உட்கார்ந்திருந்த ஒரு பெண்ணின் மேல் போய்ச் சாய்ந்தார்.

"மேல கம்பி இருக்குதுல்லீங்க, அதப் புடிச்சா என்னங்க?" என்றாள் அந்தப் பெண், எரிச்சலோடு.

"கை தூக்க வராதுங்க" என்றார் அக்கா.

அந்தப் பெண்ணின் முகம் மாறியது. இரக்கப்பட்டு எழுந்து இடம் கொடுத்தாள். அக்கா மறுக்காமல் உட்கார்ந்துகொண்டார்.