விசாவுக்காக விட்ட இடம்

1. கோல் போடாதவன்

ஐஸ் ஹாக்கியில் டிஃபென்ஸ்மேன் முதலில் கற்பது, திரும்பிப் பார்க்காமல் பின்னோக்கிச் சறுக்குவது. எதிரணிக்காரன் பக்கைத் தள்ளிக்கொண்டு முழு வேகத்தில் வருவான். பக் என்பது கறுப்பு ரப்பர் வட்டு. முகத்தில் பட்டால் பல் போகும். அவனைப் பார்த்துக்கொண்டே நம் கோல் பக்கம் பின்வாங்கி, சரியான இடத்தில் மறிக்க வேண்டும். மறித்தால் ஒருவரும் கை தட்ட மாட்டார்கள். விட்டால் எல்லாரும் திட்டுவார்கள்.

அமெரிக்காவில் ஒரு கல்லூரி அணிக்காக நான்கு வருடம் இந்த வேலையைச் செய்தேன். கற்றது அபுதாபியில். அப்பாவுக்கு ருவைஸ் ரிஃபைனரியில் ஷிஃப்ட் சூப்பர்வைசர் வேலை. லீவு நாளில் தூங்க வேண்டிய மனுஷன், என்னையும் என் கிட் பையையும் ஏற்றிக்கொண்டு இருநூறு கிலோமீட்டருக்கு மேல் தள்ளியிருக்கும் அபுதாபி ஐஸ் ரிங்குக்குக் கார் ஓட்டுவார். வெளியே வெயில் கொளுத்தும். உள்ளே அப்பா ஸ்வெட்டரும் மங்கி கேப்புமாக நடுங்கிக்கொண்டிருப்பார். ஆட்டம் முடிந்ததும் அந்தத் திருநெல்வேலிக்காரரிடம் ஒரே கேள்விதான்.

"எத்தன கோல் போட்டல?"

"நான் டிஃபென்ஸ்ப்பா. கோல் போகாம பாத்துக்கிடணும்."

"அப்ப சைபர்னு சொல்லு."

கல்லூரிக்குப் போன பிறகும் போனில் இதே கேள்வி. எனக்கு எரிச்சலாக வரும். ஆனாலும் ஒவ்வொரு வாரமும் கேட்பார்.

2. ஜனவரி

கல்ஃபில் வளர்ந்த பிள்ளைகளின் ரெசிடென்ஸ் விசா அப்பாவின் ஸ்பான்சர்ஷிப்பில் இருக்கும். ஆறு மாதத்துக்கு மேல் தொடர்ந்து வெளியே இருந்தால் அது போச்சு. எங்கள் காலத்து விதி இது. இப்போது எப்படி என்று விசாரித்துக்கொள்ளுங்கள். வெளிநாட்டில் படித்த நாங்கள் கெடு முடிவதற்குள் ஓடி வந்து, இமிக்ரேஷனில் முகத்தைக் காட்டிவிட்டு ஓடுவோம். நான் கிறிஸ்துமஸ் லீவில் அதை முடித்துவிடுவேன். கடைசி வருடம் மட்டும் பனிப்புயலில் ஃப்ளைட் கேன்சல். அடுத்த டிக்கெட் கிடைப்பதற்குள் மேட்ச்கள் தொடங்கிவிட்டன.

டிஃபென்ஸ்மேன்கள் இரண்டிரண்டு பேராக மாறி மாறி இறங்குவார்கள்; முதல் ஜோடிதான் அணியின் சிறந்த ஜோடி. அந்த ஜனவரியில்தான் எங்கள் முதல் ஜோடியில் ஒருவனுக்குத் தோள்பட்டை இறங்கியது. கோச் என்னை அங்கே போட்டார். மூன்று வருடமாகக் கடைசி ஜோடியிலும் பெஞ்சிலும் கிடந்தவன் நான். ப்ரொஃபஷனல் லீகுகளுக்கு ஆள் பார்க்க வருகிறவர்கள் முதல் ஜோடியைத்தான் பார்ப்பார்கள். படிப்பு முடிந்தும் ஆட வேண்டுமானால் எனக்கு இருந்தது அந்தச் சில வாரங்கள்தான்.

அப்பா போன் செய்தார்.

"பிப்ரவரி பொறக்கதுக்குள்ள வந்துருல. விசா போயிரும்."

"இப்ப வந்தா டீம்ல என் இடம் போயிரும்ப்பா."

"இடம் போனா இன்னொரு இடம். நம்ம வீட்டுக்கு வாரதுக்கே நீ விசிட் விசா எடுக்கணுமால? அம்மா இப்பவே அழுதுக்கிட்டு கெடக்கா."

கோச்சிடம் சொன்னேன். நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "குடும்பம்தான் முக்கியம், போய்ட்டு வா. ஆனா உன் இடத்தை உனக்காகக் காலியா வச்சிருக்க என்னால முடியாது" என்று ஆங்கிலத்தில் சொன்னார். நல்ல மனிதர். பொய் சொல்லத் தெரியாதவர்.

போனேன். ருவைஸில் அம்மா வைத்த மீன் குழம்பைப் பிசைந்துகொண்டே லேப்டாப்பில் எங்கள் மேட்சைப் பார்த்தேன். என் இடத்தில் ஒரு முதல் வருடப் பையன். பாவி, பிரமாதமாக ஆடினான்! நான் திரும்பிப் போனதிலிருந்து சீசன் முடியும்வரை கோட்டும் டையுமாக கேலரியில் உட்கார்ந்திருந்தேன். ஆடாதவர்களுக்கு அதுதான் யூனிஃபார்ம். ஆள் பார்க்க வந்தவர்கள் எனக்கு முன் வரிசையில் உட்கார்ந்து, கீழே ஆடும் அந்தப் பையனைக் காட்டிப் பேசிக்கொண்டார்கள்.

3. கலாஸ்

நான் பட்டம் வாங்குவதற்கு முன்பே அப்பா கம்பெனியில் ஆள் குறைப்பு வந்தது. அப்பாவுக்கும் கலாஸ், அதாவது முடிந்தது, என்று அரபியில் சொல்லிவிட்டார்கள். அவர் விசா கேன்சல் ஆனால் அவர் எடுத்த அம்மா விசாவும் என் விசாவும் சேர்ந்தே போகும். போனது. எதைக் காப்பாற்ற ஓடி வந்தேனோ, அது அடுத்த கோடையைக்கூடப் பார்க்கவில்லை. யாரைத் திட்டுவது? அப்பாவும் அம்மாவும் பாளையங்கோட்டைக்குப் போய்விட்டார்கள். அந்த ஜனவரியைப் பற்றி அப்புறம் வெகுகாலம் நாங்கள் பேசிக்கொள்ளவே இல்லை.

4. விசிட் விசா

இப்போது துபாயில் ஒரு ரிங்கில் பிள்ளைகளுக்குக் கோச்சாக இருக்கிறேன். போன குளிர்காலத்தில் அப்பாவை விசிட் விசாவில் அழைத்தேன். அதே மங்கி கேப்போடு வந்து உட்கார்ந்தார். ஒரு ஆட்டத்தில் என் டிஃபென்ஸ் பெண் ஒருத்தி குறுக்கே விழுந்து, கோலுக்குப் போக இருந்த பக்கை உடம்பால் மறித்தாள். அத்தனை பெற்றோரும் சும்மா இருக்க, அப்பா மட்டும் எழுந்து நின்று கை தட்டினார்.

காரில் வரும்போது கேட்டார்: "அன்னைக்கு நான் ஒன்னய வரச் சொல்லியிருக்கக் கூடாது, என்னல?"

"கம்பெனி இப்படிப் பண்ணும்னு ஒங்களுக்கு எப்படிப்பா தெரியும்?"

தெரியாதுதான். அவர் சொன்னதும் தப்பில்லை, நான் போனதும் தப்பில்லை. ஆனாலும் அந்த இடம் போனது போனதுதான். வெளியே ஆடப் போகும் பிள்ளைகள் என்னிடம் யோசனை கேட்டால் ஒன்றுதான் சொல்கிறேன்: ரெசிடென்ஸ் போனால் விசிட் விசாவில் வீட்டுக்கு வரலாம். போன சீசனுக்குள் நுழைய ஒரு விசாவும் கிடையாது.

அப்பா ஊர் திரும்பும் நாளில் எங்கள் அணிக்கு செமி ஃபைனல். வேறு கோச்சைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு ஏர்போர்ட்டுக்கு வருகிறேன் என்றேன்.

"சும்மா கெட. ஒருக்கா மேட்ச விட்டுட்டு வந்தது போதும். நான் டாக்ஸில போயிக்கிடுதேன்."

மேட்சில் தோற்றோம். அப்பாவுக்குச் செய்தி அனுப்பினேன். போர்டிங் அறிவிப்புச் சத்தத்துக்கு நடுவே அவர் குரல் பதிவு வந்தது.

"தோத்தா தோத்துட்டுப் போவுது. பிள்ளைங்க எத்தன கோலத் தடுத்தாவ?"

சரியான எண்ணைச் சொல்ல வேண்டுமென்று ரிங்க் வாசலில் நின்று யோசித்தேன். அழுகை வந்துவிட்டது, எண்ண முடியவில்லை.